விஎஸ்கோடியத்தில் பைத்தான்: நிறுவுவது முதல் கிட் வரை முழுமையான வழிகாட்டி

நிரல் எழுதக் கற்க வருகிறவர்களில் பலர் மொழியில் தடுமாறும் முன்பே எடிட்டரில் தடுமாறிவிடுகிறார்கள். திரையில் சிவப்பாக ஏதோ வருகிறது. நிரலில்தான் தப்பு என்று நினைத்து அதையே மாற்றி மாற்றி எழுதுகிறார்கள். போய்ப் பார்த்தால் நிரல் சரியாகவே இருக்கும். படிகளை வரிசை மாற்றிச் செய்திருப்பார்கள். ஆகவே இங்கே வரிசைக்குத்தான் முதலிடம்.

எடிட்டர் விஎஸ்கோடியம், மொழி பைத்தான், கணினி விண்டோஸ். நிரலில் செய்யும் மாற்றங்களைப் பதிந்துவைக்கும் கருவியான கிட்டைக் கடைசியில் பார்ப்போம். லினக்ஸில் வேறுபடும் இடங்களைத் தனியே சொல்கிறேன். உதாரணத்துக்கு, ஒரு தமிழ்ச் சொல்லில் எத்தனை எழுத்துகள் என்று எண்ணும் சிறு நிரலை எழுதப்போகிறோம். மெனு பெயர்களையும் கட்டளைகளையும் ஒலிப்படி தமிழில் தந்திருக்கிறேன். திரையில் அவை ஆங்கிலத்தில் இருக்கும், நீங்கள் தட்டச்சு செய்ய வேண்டியதும் ஆங்கிலத்தில்தான்.

1. எதைப் பதிவிறக்குவது

விஷுவல் ஸ்டுடியோ கோட் எடிட்டரின் மூலநிரலை மைக்ரோசாஃப்ட் எம்ஐடி உரிமத்தில், அதாவது யாரும் எடுத்துப் பயன்படுத்தவும் மாற்றவும் இடம் தரும் உரிமத்தில், வெளியிடுகிறது. ஆனால் அந்த நிறுவனத்தின் தளத்தில் கிடைக்கும் நிறுவி அதே உரிமத்தில் வருவதில்லை. அதற்குத் தனி உரிமம் உண்டு. பயன்பாட்டுத் தகவலை நிறுவனத்துக்கு அனுப்பும் வசதியும் உள்ளே உண்டு. அதே மூலநிரலைக் கொண்டு தன்னார்வலர்கள் உருவாக்கித் தருவது விஎஸ்கோடியம். உரிமம் எம்ஐடி; தகவல் அனுப்பும் வசதி அணைக்கப்பட்டிருக்கும். தோற்றமும் விசைகளும் இரண்டிலும் ஒன்றே. எடிட்டருக்குக் கூடுதல் வசதி தரும் நீட்சிகள் கிடைக்கும் இடம் மட்டும் வேறு. அதை ஆறாம் படியில் பார்ப்போம்.

‘கோட்’ என்ற சொல் இல்லாத விஷுவல் ஸ்டுடியோ முற்றிலும் வேறு மென்பொருள், அளவிலும் மிகப் பெரியது. அதை இறக்கிவிட்டு, வட்டில் இடம் போதவில்லை என்று புலம்புகிறவர்களை அடிக்கடி பார்க்கிறேன்.

விஎஸ்கோடியத்தின் வெளியீடுகள் கிட்ஹப் தளத்தில் இருக்கின்றன. அங்கே கோப்புகளின் நீண்ட பட்டியலைப் பார்த்து மிரள வேண்டாம். விண்டோஸுக்கு ‘யூசர் செட்டப்’, ‘எக்ஸ்64’ என்று இரண்டும் பெயரில் உள்ள கோப்பை எடுங்கள். ஆர்ம் செயலி உள்ள மடிக்கணினி என்றால் ‘ஆர்ம்64’. யூசர் செட்டப் உங்கள் கணக்கில் மட்டும் நிறுவுவதால் நிர்வாகியின் கடவுச்சொல்லைக் கேட்காது. கல்லூரி ஆய்வகத்திலும் அலுவலகக் கணினியிலும் இதுதான் கைகொடுக்கும். பெயரின் முடிவில் ‘ஷா256’ என்று இருப்பவை சரிபார்ப்புக் கோப்புகள். அவற்றைத் திறந்தால் ஒன்றும் நடக்காது.

லினக்ஸில் டெப் அல்லது ஆர்பிஎம் பொதியை எடுங்கள். ஃபிளாட்பேக் வேண்டாம். அது எடிட்டரைத் தனிக் கூண்டுக்குள் வைத்து ஓட்டும். அதன் டெர்மினலுக்கு (கட்டளைகளைத் தட்டும் பகுதி) உங்கள் கணினியில் உள்ள பைத்தானோ கம்பைலரோ கண்ணில் படாது. இதற்குத் தீர்வு உண்டு என்றாலும் புதியவருக்கு அந்தத் தலைவலி தேவையில்லை.

2. எடிட்டருக்கு முன் பைத்தான்

எடிட்டர் உங்கள் நிரலை ஓட்டாது. எழுத இடம் தரும், வண்ணம் தீட்டும், தவறு தெரிந்தால் கோடு போடும், ஓட்டுவது பைத்தான். இது மனத்தில் பதியாதவரை, எந்தப் பிழைச்செய்தி எங்கிருந்து வருகிறது என்று விளங்காது. எனவே பைத்தானை முதலில் நிறுவுங்கள்.

பைத்தானின் அதிகாரபூர்வ தளத்திலிருந்து ‘ஸ்டாண்டலோன் இன்ஸ்டாலர்’ எனப்படும் நிறுவியை இறக்கித் திறந்ததும், முதல் திரையின் அடியில் ‘ஆட் பைத்தான் டாட் எக்ஸி டு பாத்’ என்று ஒரு பெட்டி இருக்கும். தானாக அது டிக் செய்யப்பட்டிருக்காது. மேலே பெரிதாகத் தெரியும் ‘இன்ஸ்டால் நவ்’ கண்ணை இழுக்கும். அதை அழுத்தும் முன் இந்தப் பெட்டியை டிக் செய்யுங்கள். ஒரு கட்டளையைத் தட்டும்போது அதை எந்தெந்தக் கோப்புறைகளில் தேட வேண்டும் என்று விண்டோஸுக்குச் சொல்லும் பட்டியல்தான் பாத். பைத்தான் அதில் இல்லாவிட்டால், வட்டில் இருந்தும் அகப்படாது.

நிறுவியதும் எடிட்டர் பக்கம் போகாமல் விண்டோஸின் கமாண்ட் பிராம்ப்ட்டைத் திறந்து ‘பைத்தான் --வெர்ஷன்’ என்று தட்டுங்கள். பதிப்பு எண் வந்தால் அடுத்த படிக்குப் போகலாம். மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் திறந்துகொண்டால், பாத்தில் பைத்தான் இல்லாததால் ‘பைத்தான்’ கட்டளையை ஸ்டோருக்குத் திருப்பிவிடும் விண்டோஸின் மாற்றுப்பெயர் குறுக்கிடுகிறது என்று பொருள். விண்டோஸ் செட்டிங்ஸில் ‘ஆப் எக்ஸிகியூஷன் ஏலியசஸ்’ என்று தேடி, பைத்தான் பெயரில் உள்ள இரண்டையும் அணைத்துவிட்டு, நிறுவியை மறுபடி ஓட்டி, ‘மாடிஃபை’ கொடுத்து, ‘நெக்ஸ்ட்’ அழுத்தினால் வரும் திரையில் ‘ஆட் பைத்தான் டு என்விரான்மென்ட் வேரியபிள்ஸ்’ என்ற பெட்டியை டிக் செய்யுங்கள்.

உபுண்டு, டெபியன் பயனர்களிடம் பைத்தான் ஏற்கெனவே இருக்கும்; ஆனால் ‘பைத்தான்3-வென்வ்’ என்ற பொதியைத் தனியே நிறுவ வேண்டும். இல்லாவிட்டால் ஏழாம் படி தோற்றுப்போகும்.

3. எடிட்டரை நிறுவுதல்

நிறுவும்போது கவனிக்க வேண்டிய திரை ஒன்றுதான். ‘ஓபன் வித் விஎஸ்கோடியம்’ என்று கோப்புக்கு ஒன்றும் கோப்புறைக்கு ஒன்றுமாக இரண்டு பெட்டிகள் இருக்கும். இரண்டையும் டிக் செய்யுங்கள். கோப்புறையை வலது சொடுக்கிட்டு நேரே எடிட்டரில் திறக்க இது உதவும். அடுத்த படியில் வரும் பெரிய தவறு பாதி இதிலேயே தவிர்ந்துவிடும்.

ஒருவேளை எடிட்டரை முதலில் நிறுவி, அது திறந்திருக்கும்போதே பைத்தானை நிறுவினீர்கள் என்றால், எடிட்டரின் எல்லாச் சாளரங்களையும் மூடிவிட்டுத் திரும்பத் திறங்கள். பாத் பட்டியலை எடிட்டர் தான் திறக்கும் கணத்தில் படித்துவைத்துக்கொள்கிறது. உள்ளே இருக்கும் டெர்மினலுக்கும் அந்தப் பழைய பட்டியலைத்தான் கொடுக்கிறது. வெளியே கமாண்ட் பிராம்ப்ட்டில் பைத்தான் ஓடுகிறது, எடிட்டருக்குள் ஓடவில்லை என்ற புகாருக்குப் பெரும்பாலும் இதுதான் காரணம்.

4. கோப்பை அல்ல, கோப்புறையைத் திறக்க வேண்டும்

புதியவர்கள் செய்யும் தவறுகளில் அதிக நேரத்தைத் தின்பது இதுதான். நோட்பேடில் பழகிய கை, தனிக் கோப்பைத் திறக்கப் பார்க்கும். விஎஸ்கோடியம் கோப்புறையை மையமாக வைத்து இயங்குகிறது. டெர்மினல் எங்கே தொடங்க வேண்டும், எந்தப் பைத்தானைப் பயன்படுத்த வேண்டும், எங்கெல்லாம் தேட வேண்டும், கிட் எதைக் கண்காணிக்க வேண்டும் என்பதெல்லாம் திறந்திருக்கும் கோப்புறையைப் பொறுத்தவை. தனிக் கோப்பைத் திறந்தால் இவற்றில் பாதி வேலை செய்யாது. ஏன் செய்யவில்லை என்றும் எடிட்டர் சொல்லாது.

எனவே முதலில் ஒரு புதிய கோப்புறையை உருவாக்குங்கள். பெயரை ஆங்கிலத்தில், இடைவெளி இல்லாமல் வையுங்கள். பைத்தான் தமிழ்ப் பெயரையும் ஏற்கும். நாளை சி அல்லது சி++ கற்கும்போது சில கருவிகள் முரண்டு பிடிக்கும். டெஸ்க்டாப்பில் வைக்க வேண்டாம். பல கணினிகளில் டெஸ்க்டாப் ஒன்டிரைவுடன் இணைக்கப்பட்டிருக்கும். பின்னால் உருவாகப்போகும் ஆயிரக்கணக்கான சிறு கோப்புகளை அது மேகத்துக்கு ஏற்றத் தொடங்கிவிடும். சி டிரைவில் நேரடியாக ஒரு கோப்புறையைப் போட்டு, அதற்குள் ஒவ்வொரு திட்டத்துக்கும் ஒன்று என்று வைத்துக்கொள்வது நல்லது.

பிறகு ‘ஃபைல்’ மெனுவில் ‘ஓபன் ஃபோல்டர்’. இங்கேயும் ஒரு வழுக்கல் உண்டு: திட்டத்தின் கோப்புறைக்குப் பதில் அதன் தாய்க் கோப்புறையைத் திறந்துவிடுவார்கள். நிரல் ஓடும். ஆனால் நிரல் ஒரு தரவுக் கோப்பைப் படிக்கப்போனால், அப்படியொரு கோப்பு இல்லை என்று பிழை வரும். இடப்பக்கப் பட்டியலிலோ அந்தக் கோப்பு கண்ணெதிரே இருக்கும். காரணம், வெறும் பெயரைக் கொடுத்தால் பைத்தான் தேடும் இடம் டெர்மினல் நிற்கும் கோப்புறை. நிரல் கோப்பு இருக்கும் கோப்புறையில் அது தேடுவதில்லை. இடப்பக்கப் பட்டியலின் தலைப்பில் உங்கள் திட்டத்தின் பெயர் இருக்கிறதா என்று ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும்.

5. நம்பிக்கைக் கேள்வி

கோப்புறையைத் திறந்ததும், இதை எழுதியவர்களை நம்புகிறீர்களா என்று எடிட்டர் கேட்கும். நீங்களே உருவாக்கியது என்றால் ‘யெஸ்’. பயந்துபோய் ‘நோ’ கொடுத்தால் எடிட்டர் கட்டுப்பாட்டு நிலைக்குப் போகும். பிழைதிருத்தி (நிரலை வரிவரியாக ஓட்டிப் பார்க்கும் கருவி) ஓடாது, பல நீட்சிகள் முடங்கும். கீழ்ப்பட்டையில் ‘ரெஸ்ட்ரிக்டட் மோட்’ என்று தெரிந்தால் அதைச் சொடுக்கி மாற்றலாம். அடுத்தவரிடமிருந்து இறக்கிய கோப்புறைக்கு ‘நோ’ சொல்லிவிட்டு, படித்துப் பார்த்த பிறகு மாற்றுவதே முறை.

6. நீட்சிகள்: ஒன்றே போதும்

கண்ட்ரோல், ஷிஃப்ட், எக்ஸ் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் நீட்சிகளின் பகுதி வரும். ‘பைத்தான்’ என்று தேடி, வெளியீட்டாளர் பெயர் ‘எம்எஸ்-பைத்தான்’ என்று இருப்பதை நிறுவுங்கள். இப்போதைக்கு இது போதும்.

மைக்ரோசாஃப்ட் நடத்தும் நீட்சிச் சந்தையை அதன் சொந்தத் தயாரிப்புகளில் மட்டுமே பயன்படுத்தலாம் என்பது அதன் விதி. ஆகவே விஎஸ்கோடியம் எக்லிப்ஸ் அறக்கட்டளை நடத்தும் ஓபன் விஎஸ்எக்ஸ் களஞ்சியத்திலிருந்து எடுக்கிறது. யூடியூப் பாடங்களில் சொல்லும் ‘பைலான்ஸ்’ நீட்சி (தட்டும்போதே பரிந்துரை தருவது) இங்கே கிடைக்காது. அது திறமூல மென்பொருள் அல்ல. எங்கே போயிற்று என்று தேட வேண்டாம். அதே வேலைக்குப் பைத்தான் நீட்சியுடன் வரும் ‘ஜெடி’ ஆரம்பத்துக்குப் போதும். வகைச் சரிபார்ப்பு வேண்டுமென்றால் பிறகு ‘பேஸ்டுபைரைட்’ போட்டுக்கொள்ளலாம். சி மொழிக்குப் போகும்போதும் இதே கதைதான். அங்கே மாற்றாக ‘கிளாங்டி’ இருக்கிறது.

வெளியீட்டாளர் பெயரைப் பார்க்கச் சொல்வது சம்பிரதாயத்துக்காக அல்ல. நீட்சி என்பது உங்கள் கணக்கின் அதிகாரத்துடன் ஓடும் முழு நிரல். 2025இல் ஓபன் விஎஸ்எக்ஸில் ‘சாலிடிட்டி’ என்ற நிரல் மொழிக்கான நீட்சியின் வேடத்தில் ஒரு போலி உலவியது. அதை நிறுவிய ஒருவர் ஏறத்தாழ 5 லட்சம் டாலர் மதிப்புள்ள கிரிப்டோ நாணயத்தை இழந்தார். தேடலில் அந்தப் போலி அசலுக்கு மேலே வந்தது. பதிவிறக்க எண்ணிக்கையும் பொய்யாக ஊதப்பட்டிருந்தது. பிறகு வந்த இன்னொரு போலியில், வெளியீட்டாளர் பெயரில் சிறிய ‘எல்’ இருந்த இடத்தில் பெரிய ‘ஐ’ போட்டிருந்தார்கள்; திரையில் இரண்டும் ஒரே மாதிரி செங்குத்துக் கோடு. எனவே எண்ணிக்கையை நம்பாதீர்கள். அந்த மொழியின் அல்லது கருவியின் சொந்தத் தளத்திலிருந்து வரும் இணைப்பை நம்புங்கள்.

‘கோட் ரன்னர்’ நீட்சியைப் பலர் பரிந்துரைப்பார்கள். புதியவர்களுக்கு நான் வேண்டாம் என்றே சொல்வேன். தானாக அது நிரலை ‘அவுட்புட்’ பலகத்தில் ஓட்டும். அந்தப் பலகத்தில் தட்டச்சு செய்ய முடியாது. பயனரிடம் பெயர் கேட்கும் நிரல் அங்கே கேட்டுவிட்டு அப்படியே நின்றுவிடும். போதாக்குறைக்கு, விண்டோஸில் தமிழை அச்சிட்டால் அதே பலகத்தில் குறியாக்கப் பிழை வரும். நீட்சியின் அமைப்பை மாற்றி டெர்மினலில் ஓட்டச் செய்யலாம். அதற்குப் பைத்தான் நீட்சியின் சொந்த ஓட்டும் பொத்தானையே பயன்படுத்திவிடலாமே.

7. திட்டத்துக்கென்று ஒரு தனிச் சூழல்

கண்ட்ரோல், ஷிஃப்ட், பி அழுத்தினால் மேலே ஒரு தேடல் பெட்டி வரும். இதுதான் கட்டளைப் பலகை. எடிட்டரில் செய்யக்கூடிய அனைத்தும் இதில் பெயரால் கிடைக்கும் என்பதால், மெனுக்களை மனப்பாடம் செய்வதைவிட இந்த ஒரு விசைச் சேர்க்கையைப் பழகுவது மேல்.

அதில் ‘பைத்தான்: கிரியேட் என்விரான்மென்ட்’ என்று தேடி, ‘வென்வ்’ என்பதைத் தேர்ந்து, கணினியில் உள்ள பைத்தான் பதிப்பைக் காட்டுங்கள். கோப்புறைக்குள் ‘டாட் வென்வ்’ என்று ஒரு துணைக் கோப்புறை உருவாகும். இந்தத் திட்டத்துக்கு வேண்டிய நூலகங்கள் (பிறர் எழுதிவைத்த ஆயத்த நிரல் தொகுப்புகள்) எல்லாம் அதற்குள் போகும். ஒரு திட்டத்துக்காக நிறுவிய நூலகம் இன்னொன்றைக் கெடுக்காமல் இருக்கத்தான் இந்த ஏற்பாடு. சூழல் கெட்டுப்போனால் அந்தத் துணைக் கோப்புறையை அழித்துவிட்டு மறுபடி உருவாக்கலாம். உங்கள் நிரலுக்கு ஒன்றும் ஆகாது.

அடுத்து டெர்மினல். கண்ட்ரோலுடன், எண் 1க்கு இடப்பக்கம் உள்ள சாய்ந்த மேற்கோள் விசை. விண்டோஸில் தானாக பவர்ஷெல் திறக்கும். ‘ரன்னிங் ஸ்கிரிப்ட்ஸ் இஸ் டிஸேபிள்டு’ என்று சிவப்பில் வந்தால் பதற வேண்டாம். சூழலை இயக்கும் சிறு நிரலை பவர்ஷெல் தன் பாதுகாப்புக் கொள்கையின்படி மறுக்கிறது. கொள்கையைத் தளர்த்தும் கட்டளைகளை இணையத்திலிருந்து ஒட்டுவதைவிட எளிய வழி: கட்டளைப் பலகையில் ‘டெர்மினல்: செலக்ட் டிஃபால்ட் புரொஃபைல்’ என்று தேடி ‘கமாண்ட் பிராம்ப்ட்’டைத் தேர்ந்துகொள்ளுங்கள்.

பின்னர், திறந்திருக்கும் டெர்மினலைக் குப்பைத்தொட்டிப் படத்தை அழுத்தி மூடிவிட்டுப் புதிதாகத் திறக்க வேண்டும். சூழலை உருவாக்கும் முன் திறந்த டெர்மினலுக்கு அந்தச் சூழல் இருப்பதே தெரியாது. புதிய டெர்மினலில் வரியின் தொடக்கத்தில் அடைப்புக்குறிக்குள் ‘வென்வ்’ என்ற சொல் தெரிந்தால் சரி.

இப்போது நம் உதாரணத்துக்கு வேண்டிய நூலகம். ‘பைத்தான் -எம் பிப் இன்ஸ்டால் ஓபன்-டமில்’ என்று தட்டுங்கள். வெறும் ‘பிப் இன்ஸ்டால்’ என்று எழுதினால், கணினியில் இரண்டு மூன்று பைத்தான்கள் இருக்கும்போது எதன் பிப் (நூலகங்களை நிறுவும் கருவி) ஓடும் என்று சொல்ல முடியாது. முன்னால் பைத்தானைச் சேர்த்து எழுதினால், இந்த டெர்மினலின் பைத்தானுக்குத்தான் நூலகம் போய்ச் சேரும்.

நிறுவிய பிறகும் ‘மாட்யூல் நாட் ஃபவுண்ட்’ வந்தால், நூலகம் ஒரு பைத்தானுக்குப் போயிருக்கிறது, நிரல் இன்னொன்றில் ஓடுகிறது. ஒரு பைத்தான் கோப்பைத் திறந்துவைத்தால் கீழ்ப்பட்டையின் வலது ஓரத்தில் பைத்தான் பதிப்பு தெரியும். அதைச் சொடுக்கி, ‘டாட் வென்வ்’ என்று இருப்பதைத் தேர்ந்தெடுங்கள்.

8. முதல் நிரல்

இடப்பக்கப் பட்டியலில் புதிய கோப்பு ஒன்றை உருவாக்கி, ‘டாட் பிஒய்’ என்று முடியும் பெயரைக் கொடுங்கள். பெயர் கொடுத்த பிறகே எழுதத் தொடங்குங்கள். இது எந்த மொழி என்பதைப் பெயரின் முடிவைப் பார்த்துத்தான் எடிட்டர் தெரிந்துகொள்கிறது.

பெயரில் ஒரு கண்ணி இருக்கிறது. நிறுவும்போது நூலகத்தின் பெயர் ‘ஓபன்-டமில்’. நிரலில் அதை இறக்குமதி செய்யும்போது பெயர் வெறும் ‘டமில்’. கோப்புக்கும் அதே பெயரை வைத்துவிட்டால், பைத்தான் நூலகத்துக்குப் பதில் உங்கள் கோப்பையே இறக்குமதி செய்துகொண்டு, அதில் நீங்கள் கேட்ட செயற்கூறு (ஃபங்ஷன்) இல்லை என்று பிழை காட்டும். தரவுக் கோப்பைப் போல அல்லாமல், இறக்குமதி செய்ய வேண்டியதை நிரல் இருக்கும் கோப்புறையில்தான் பைத்தான் முதலில் தேடும் என்பதே காரணம். ‘ரேண்டம்’, ‘டர்ட்டில்’, ‘மேட்பிளாட்லிப்’ என்றெல்லாம் கோப்புக்குப் பெயர் வைத்து மாட்டிக்கொள்வது வகுப்புக்கு வகுப்பு நடக்கிறது. நம் கோப்புக்கு ‘எண்ணி’ என்று ஆங்கில எழுத்துகளில் வைப்போம்.

நிரலில் மூன்று வேலைகள்: ‘டமில்’ நூலகத்திலிருந்து ‘யூடிஎஃப்8’ பகுதியை இறக்குமதி செய்வது, ‘தமிழ்’ என்ற சொல்லுக்குப் பைத்தானின் சொந்த ‘லென்’ தரும் நீளத்தை அச்சிடுவது, அதே சொல்லை ‘கெட்_லெட்டர்ஸ்’ செயற்கூறுக்குக் கொடுத்து, அது தரும் பட்டியலின் நீளத்தை அச்சிடுவது. முதலாவது 5 என்றும் இரண்டாவது 3 என்றும் வரும். யூனிகோடில் உயிர்மெய்க் குறியும் புள்ளியும் தனித்தனிக் குறியீடுகள் என்பதால் ‘லென்’ அவற்றையும் சேர்த்து எண்ணுகிறது.

ஓட்ட, வலது மேல்மூலையில் உள்ள முக்கோணத்தை அழுத்துங்கள். டெர்மினலில் நீங்களே கட்டளை தட்டி ஓட்டினால், முன்பு சேமித்துவிட்டுத் தட்டுங்கள். பைத்தான் வட்டில் உள்ளதைத்தான் படிக்கும். கோப்பின் பெயருக்குப் பக்கத்தில் பெருக்கல் குறி இருக்க வேண்டிய இடத்தில் வட்டப் புள்ளி தெரிந்தால் இன்னும் சேமிக்கவில்லை. ‘ஃபைல்’ மெனுவில் ‘ஆட்டோ சேவ்’ கொடுத்துவிட்டால் இந்தத் தொல்லை தீர்ந்தது.

நன்றாக ஓடிய நிரல் திடீரென ‘சின்டாக்ஸ் எரர்’ தருகிறதா? டெர்மினலின் கடைசி வரியைப் பாருங்கள். மூன்று கூர்க்குறிகள் வரிசையாக நின்றால், நீங்கள் பைத்தானின் உரையாடல் நிலைக்குள் இருக்கிறீர்கள். முக்கோணத்தை அழுத்தும்போது எடிட்டர் அனுப்புவது டெர்மினலுக்கான கட்டளை. அதைப் பைத்தான் தன் மொழியாக எண்ணிப் படித்துவிட்டுத் திகைக்கிறது. கண்ட்ரோலுடன் இசட், பிறகு என்டர். லினக்ஸில் கண்ட்ரோலுடன் டி. வெளியே வந்துவிடலாம்.

பிழைச்செய்தியை எப்போதும் கடைசி வரியிலிருந்து படியுங்கள். என்ன பிழை என்பது அங்கேதான் இருக்கும். அதற்கு மேலே உள்ள கோப்புப் பெயரைக் கண்ட்ரோல் அழுத்தியபடி சொடுக்கினால் எடிட்டர் அந்த வரிக்கே கூட்டிப்போகும்.

9. தமிழ் எழுத்து செய்யும் குறும்புகள்

ஆங்கிலப் பாடங்களில் இந்தப் பகுதி இருக்காது. எனவே கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

டெர்மினலில் தமிழ் உடைந்து தெரியும். ‘கொ’வின் கொம்பும் காலும் பிரிந்து நிற்கும், புள்ளி இடம் தவறும். உங்கள் நிரலில் தவறில்லை. டெர்மினல் ஒவ்வொரு எழுத்தையும் ஒரே அகலக் கட்டத்துக்குள் வரைகிறது, நம் எழுத்து அந்தக் கட்டத்துக்குள் அடங்குவதில்லை. விடை சரியா என்று பார்க்க, அதை ஒரு கோப்பில் எழுதி எடிட்டரில் திறந்து பாருங்கள். அங்கே ஒழுங்காகத் தெரியும். எடிட்டரில் எழுத்து பிடிக்கவில்லை என்றால் செட்டிங்ஸில் ‘ஃபான்ட் ஃபேமிலி’யின் முடிவில் ஒரு காற்புள்ளி போட்டு, விண்டோஸில் ‘நிர்மலா யூஐ’, லினக்ஸில் ‘நோட்டோ சான்ஸ் தமிழ்’ சேர்க்கலாம். முதலிடத்தில் போடாதீர்கள், ஆங்கில எழுத்துகளின் சீரான அகலம் போய்விடும்.

கோப்பில் எழுதும்போது அடுத்த சிக்கல். விண்டோஸில், பைத்தான் 3.14 வரையிலான பதிப்புகளில், கோப்பைத் திறக்கும் ‘ஓபன்’ தானாக எடுத்துக்கொள்வது கணினியின் வட்டாரக் குறியாக்கம், அதாவது அந்த வட்டாரத்தின் எழுத்துகளை எண்களாகச் சேமிக்கும் முறை. பெரும்பாலும் அது தமிழ் அறியாதது. எழுதினால் ‘சார்மேப்’ என்று தொடங்கும் பிழை வரும். படித்தால் வேறெதோ மொழியின் குறிகள் மாதிரி குப்பை வரும். ஒவ்வொரு ‘ஓபன்’ அழைப்பிலும் ‘என்கோடிங்’ என்ற இடத்தில் ‘யூடிஎஃப்-8’ என்று நீங்களே கொடுங்கள். சிஎஸ்வி கோப்பை எக்செலில் திறக்கப்போகிறீர்கள் என்றால் ‘யூடிஎஃப்-8-சிக்’ என்று கொடுக்க வேண்டும். கோப்பின் தலையில் அது வைக்கும் அடையாளம் இருந்தால்தான், இருமுறை சொடுக்கித் திறக்கும்போது எக்செல் இது யூனிகோடு என்று கண்டுகொள்ளும்.

வேறொருவர் கொடுத்த கோப்பைத் திறந்து, கேள்விக்குறி வைத்த கறுப்புச் சாய்சதுரங்களைக் கண்டால் எதையும் சேமிக்காதீர்கள். சேமித்தால் மூலம் அழிந்து அந்தச் சதுரங்களே நிலைத்துவிடும். ஆட்டோ சேவ் போட்டிருக்கிறீர்கள் என்பதால், அந்தக் கோப்பில் விசைப்பலகையையே தொடாமல், கீழ்ப்பட்டையில் ‘யூடிஎஃப்-8’ என்று இருப்பதைச் சொடுக்கி ‘ரீஓபன் வித் என்கோடிங்’ எடுங்கள். ‘சேவ் வித் என்கோடிங்’ அதன் அருகிலேயே இருக்கும். கை தவறிவிடக் கூடாது. டிஸ்கி, டாப் போன்ற பழைய தமிழ்க் குறியாக்கங்கள் அந்தப் பட்டியலில் இல்லை. அவற்றைக் குறியாக்க மாற்றி ஒன்றின் வழியே யூனிகோடாக்கிவிட்டுக் கொண்டுவர வேண்டும்.

கடைசியாக, கண்ணுக்குத் தெரியாதவை. இணையத்திலிருந்து ஒட்டிய தமிழ் உரையில் சில இடங்களில் எடிட்டர் மஞ்சள் பெட்டி போட்டுக் காட்டும். அங்கே அகலமே இல்லாத ஒரு குறியீடு ஒளிந்திருக்கிறது. அதை அழித்துவிடுங்கள், இல்லாவிட்டால் பார்வைக்கு ஒன்றாக இருக்கும் இரண்டு சொற்கள் ஒப்பிடும்போது வேறு வேறு என்று வரும். ‘கொ’வை ஒரே ஒகரக் குறியாகவும் எழுதலாம், எகரக் கொம்பும் காலும் தனித்தனியாகவும் எழுதலாம், இதற்கு எடிட்டர் பெட்டி போடாது. ஒப்பிடும் முன் இரண்டு சொற்களையும் ‘யூனிகோடுடேட்டா’ நூலகத்தின் ‘நார்மலைஸ்’ செயற்கூறில் ‘என்எஃப்சி’ வடிவத்துக்குக் கொண்டுவந்துவிடுங்கள்.

10. அமைப்புகள், அளவோடு

கண்ட்ரோலுடன் காற்புள்ளி அழுத்தினால் செட்டிங்ஸ். ‘யூசர்’, ‘ஒர்க்ஸ்பேஸ்’ என்று இரண்டு பிரிவுகள் இருக்கும். முதலாவது எல்லாத் திட்டங்களுக்கும், இரண்டாவது இந்தக் கோப்புறைக்கு மட்டும். இரண்டிலும் இருந்தால் ஒர்க்ஸ்பேஸ் வெல்லும். மாற்றியும் மாறவில்லை என்றால் பெரும்பாலும் இதுதான் காரணம். எழுத்தின் அளவை மாற்றுங்கள், வண்ணத்தை மாற்றுங்கள், அதோடு நிறுத்திக்கொள்ளுங்கள். தோற்றத்தை அலங்கரிப்பதிலேயே முதல் வாரத்தைக் கழிப்பவர்கள் உண்டு.

டேப் விசை திடீரென உள்தள்ளாமல் எங்கோ தாவுகிறது என்றால், தெரியாமல் கண்ட்ரோலுடன் எம் அழுத்திவிட்டீர்கள். மறுபடி அழுத்தினால் சரியாகிவிடும்.

11. பிழைதிருத்தி

நிரல் முழுக்க ‘பிரிண்ட்’ தூவிப் பார்ப்பதை விட இது எளிது. வரி எண்ணுக்கு இடப்பக்கம் சொடுக்கினால் சிவப்புப் புள்ளி விழும். எஃப்5 அழுத்தி ‘பைத்தான் ஃபைல்’ தேர்ந்தால் நிரல் அந்த வரியில் நிற்கும். அந்த வரி இன்னும் ஓடவில்லை, அடுத்து ஓடப்போகிறது. இது புரியாமல், மாறிக்கு (வேரியபிள்) மதிப்பு வரவில்லையே என்று குழம்புவார்கள். எஃப்10 ஒரு வரி நகர்த்தும். எஃப்11 செயற்கூறுக்குள் இறங்கும். இடப்பக்கம் மாறிகளின் அப்போதைய மதிப்பு தெரியும். வெற்று வரியிலோ குறிப்பு வரியிலோ புள்ளி வைத்தால் அங்கே நிற்காது.

12. கிட்

கிட் தனி மென்பொருள், எடிட்டருடன் வராது. விண்டோஸ் நிறுவியில், எந்த எடிட்டர் வேண்டும் என்று கேட்கும் திரை வரும். அப்படியே ‘நெக்ஸ்ட்’ கொடுத்தால் டெர்மினலுக்குள் ஓடும் ‘விம்’ எடிட்டர் வந்து உட்காரும். அதிலிருந்து வெளியேற வழி தெரியாமல் டெர்மினலையே மூடுகிறவர்கள் அதிகம். பட்டியலில் விஎஸ்கோடியத்தைத் தேர்ந்துகொள்ளுங்கள். நிறுவியதும், மூன்றாம் படியில் சொன்ன அதே காரணத்துக்காக, எடிட்டரை மூடித் திறங்கள்.

டெர்மினலில் ‘கிட் கான்ஃபிக்’ கட்டளையால் உங்கள் பெயரையும் மின்னஞ்சலையும் முதலில் பதியுங்கள். அவை இல்லாமல் கமிட், அதாவது மாற்றங்களைக் கிட்டில் பதிவது, ஆகாது. அடுத்து ‘டாட் கிட்இக்னோர்’ என்ற கோப்பை உருவாக்கி அதில் சூழல் கோப்புறையின் பெயரை ஒரு வரியில் எழுதுங்கள். இதை முதல் கமிட்டுக்கு முன் செய்ய வேண்டும். ஒருமுறை கிட் கண்காணிக்கத் தொடங்கிய கோப்பை, பின்னர் இந்தப் பட்டியலில் சேர்ப்பதால் மட்டும் அது விட்டுவிடாது.

பிறகு கண்ட்ரோல், ஷிஃப்ட், ஜி அழுத்தி ‘இனிஷியலைஸ் ரெபாசிட்டரி’. ஆயிரக்கணக்கில் மாற்றங்கள் என்று எண் காட்டினால், திறந்திருப்பது உங்கள் திட்டமல்ல, பயனர் கோப்புறையே. கமிட் செய்யாமல், தவறான இடத்தில் உருவான ‘டாட் கிட்’ என்ற மறைந்த கோப்புறையை மட்டும் அழித்துவிட்டு, சரியான கோப்புறையைத் திறந்து தொடங்குங்கள். செய்திப் பெட்டியை நிரப்பாமல் ‘கமிட்’ அழுத்தினால் சுழலும் குறி நிற்கவே நிற்காது. புதிதாகத் திறந்த ஒரு கோப்பில் நீங்கள் செய்தியை எழுதி, அதைச் சேமித்து மூடுவதற்காக எடிட்டர் காத்திருக்கிறது.

அதே பகுதியில் வளைந்த அம்புக்குறி ஒன்று இருக்கும். அது ‘டிஸ்கார்ட்’: கடைசி கமிட்டுக்குப் பின் எழுதியதைத் தூக்கி எறிந்துவிடும். தவறி அழுத்தி வேலை போய்விட்டால், இடப்பக்கக் கோப்புப் பட்டியலின் அடியில் ‘டைம்லைன்’ பகுதியை விரித்துப் பாருங்கள். கிட்டைச் சாராமல், நீங்கள் சேமித்த ஒவ்வொரு முறையும் எடிட்டர் ஒரு நகல் எடுத்து வைத்திருக்கும். பழைய நகலை வலது சொடுக்கி ‘ரிஸ்டோர் கன்டென்ட்ஸ்’ கொடுத்தால் கோப்பு திரும்ப வந்துவிடும்.